உவர்த் தண்ணீரில் கழுவிய கார்

மகன்,

அன்று காலையில் நான் சொல்லாமல் விட்டவை இரண்டு. "அந்தக் காரின் அடிப்பக்கம் உக்கிப்போயிருக்கிறது, அதை ரோட்டுக்கு எடுக்காதே" என்பது ஒன்று. "அதை உன் வாப்பாவைவிட நான் நன்றாக ஓட்டுவேன்" என்பது மற்றது. இரண்டாவதைச் சொல்ல முடியாத கோபம் என் வாயை அடைத்தபோது முதலாவதும் உள்ளேயே நின்றுவிட்டது. இரண்டு வருடமாக இதைச் சொல்ல வேண்டும் என்று உன் முன்னால் வந்து நின்று, சோறு போடவா என்று கேட்டுவிட்டுத் திரும்பியிருக்கிறேன். எழுதினால் அப்படித் திரும்ப முடியாது என்பதால் எழுதுகிறேன்.

இன்றைக்கே எழுதுவதற்குக் காரணம், நேற்று நீ ஃபோனில் கதைத்தது. நான் குசினியில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். ஜப்பான் வேலைக்கு ஆள் எடுக்கும் அந்தக் கொழும்புக்காரரோடு நீ கதைத்தாய். "மொழிப் பரீட்சை பாஸ்தான் அண்ணன். மத்ததெல்லாம் சரி. வேன் ஓட்டுற மட்டும் ஏலாது. எனக்கு ஓட்ட வராது, கை வராது" என்றாய். வயதானவர்களைக் காலையில் வீடு வீடாகப் போய் ஏற்றிக்கொண்டுவந்து பின்னேரம் இறக்கிவிடும் வேலை, வேன் ஓட்டாமல் முடியாது என்று அவர் சொல்லியிருக்க வேண்டும். திங்கட்கிழமைக்குள் முடிவு கேட்டார் போல. ஃபோனை வைத்துவிட்டு நீ என்னிடம், "சரிவராது உம்மா. வேற ஆள எடுக்கட்டும்" என்றாய். ஒன்றரை வருடம் சுவரெல்லாம் அந்த எழுத்துகளை ஒட்டி வைத்துப் படித்தவன் நீ. கை வராது என்று நீ சொன்ன கையில் ஒரு பிழையும் இல்லை, மகன். எலும்பு முறிந்த கை, அவ்வளவுதான். பிழை எங்கே இருந்தது என்பதை முதலிலிருந்து சொல்கிறேன். கொஞ்சம் நீளும்.

உனக்கு மூன்று வயதாக இருந்தபோது, மாதம்பைப் பக்கம் ஒரு தென்னந்தோட்டத்துக் கொட்டிலில் கிடந்த காரை வாப்பா தன் மரக்கறி லொறியில் ஏற்றிக்கொண்டு வந்தார். டிரைவர் சீட்டில் ஒரு கோழி அடைகாத்துக்கொண்டிருந்தது. அதை இறக்க மனமில்லாமல் கூடவே கொண்டுவந்தார். பக்கத்து வீட்டு மாமி எட்டிப் பார்த்து, "கார் வாங்கினா கோழி இனாமா மகன்?" என்று கேட்டார். வெள்ளை நிறம், இரண்டே கதவு, ஜப்பானில் செய்தது, வயதில் எனக்குத் தம்பி. முன்விளக்குகள் மூடிக் கிடக்கும். சுவிட்சைப் போட்டால் தூக்கத்தில் எழுப்பிவிட்ட பிள்ளை மாதிரி இமை திறந்து மேலே வரும். நீ அதைப் பார்த்து அழுதாய், பிறகு ஒரு நாளைக்கு இருபது தடவை திறக்கச் சொன்னாய்.

அந்தக் காரில் என்ன இருக்கிறது என்று நான் பலமுறை யோசித்திருக்கிறேன். வேகம் இல்லை. பாலாவியிலிருந்து மதுரங்குளிக்குப் போவதற்குள் ஒரு புது வேன்கூட அதை முந்திவிடும். இருந்தும் நீர்கொழும்பிலிருந்தும் கொழும்பிலிருந்தும் பொடியன்கள் அதைப் பார்ப்பதற்கென்றே வந்தார்கள். அந்தக் கார் செய்யப்பட்டபோது பிறந்தேயிராத பொடியன்கள். வந்து அதைச் சுற்றி நடந்து, குனிந்து, தொடாமல் தொட்டு, "விக்கிறதெண்டா எங்களுக்குச் சொல்லுங்க அங்கிள்" என்று நம்பர் எழுதிக் கொடுத்துவிட்டுப் போவார்கள். பாரமே இல்லாத கார் அது. நாலு பேர் சேர்ந்தால் பின்பக்கத்தைத் தூக்கி நகர்த்தி வைத்துவிடலாம். நம்முடைய மணலில் புதையாமல் இருக்க வாப்பா டிக்கியில் ஒரு மூட்டை வெங்காயம் போட்டுக்கொண்டுதான் போவார். முன்சில்லுக்குத் திருப்புவது மட்டும்தான் வேலை, தள்ளுவது பின்சில்லு. "முன்னுக்கு ஒரு ஆள், பின்னுக்கு ஒரு ஆள். ரெண்டு பேரும் ஒத்துப்போனா சொர்க்கம், கோவிச்சிக்கிட்டா சுத்தும்" என்று வாப்பா சொல்வார். நல்ல வார்த்தைதான். குடும்பத்தைப் பற்றி அவர் அப்படி ஒருநாளும் சொன்னதில்லை.

இதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும் என்று கேட்பாய். நான் அதை ஓட்டியிருக்கிறேன். உனக்கு நாலு வயது, எனக்கு இருபத்திரண்டு. கச்சான் காற்று வீசும் மாதங்களில் உவர்நீர்க் களப்பின் ஓரம் வற்றி, உப்பளத்துக்குப் பக்கத்தில் வெள்ளை வெளியாகக் கிடக்கும் அல்லவா, அங்கே வாப்பா எனக்கு ஓட்டப் பழக்கினார். நான்கு வெள்ளிக்கிழமைகள், ஜும்ஆ முடிந்த பிறகு. நீ பின்னால் வெங்காய மூட்டைக்கு மேல் இருந்து கத்திக்கொண்டிருப்பாய். முதல் நாள் காரை மூன்று தடவை நிற்பாட்டிவிட்டேன். நாலாவது நாள், பின்பக்கம் மெல்ல வழுக்கி வெளியே போனபோது பயப்படாமல் ஸ்டேரிங்கை அதன் போக்குக்கே திருப்பிக் கொடுத்தேன். கார் நின்ற இடத்தை நடுவாக வைத்து ஒரு முழு வட்டம், பிறகு இன்னொன்று, உப்பு மண் மேலே எழும்பி வெயிலில் மினுங்கியது. வாழ்க்கையில் நான் செய்த எதுவும், உன்னைப் பெற்றதைத் தவிர, அவ்வளவு நேராக என் கைக்கு வந்ததில்லை. நான் செய்ததை அது அப்படியே எனக்குத் திருப்பிச் சொன்னது. கூட்டவில்லை, குறைக்கவில்லை, மன்னிக்கவும் இல்லை. பொய் சொல்லத் தெரியாத ஒரு பொருள் நம் வீட்டில் அது ஒன்றுதான் என்று அப்போது நினைத்தேன்.

அன்று வாப்பாவின் கூட்டாளி ஒருவரும் வந்திருந்தார், லொறியில் கூடப் போகிறவர். அவர் கைதட்டி, "மச்சான், ஒன்ட பொண்டாட்டி ஒன்ன விட நல்லா ஓட்றாடா! இனி லொறியையும் அவட கையில குடு, நீ வெங்காயத்துக்கு மேல ஏறி இரி" என்றார். எல்லோரும் சிரித்தோம். வாப்பாவும் சிரித்தார். ஆனால் வீட்டுக்கு வந்ததும் சாவியைத் தன் அலுமாரியில் வைத்துப் பூட்டினார். அடுத்த வெள்ளிக்கிழமை நான் கேட்டபோது, "என்னத்துக்கு புள்ள, நாலு பேர் பாக்குறதுக்கு?" என்றார். அதற்கு அடுத்த வெள்ளிக்கிழமை என் கையில் வாளியையும் துணியையும் தந்தார். கடல் காற்றின் உப்பு போக, கிழமைக்கு ஒருதரம் கழுவ வேண்டும் என்றார். அன்றிலிருந்து பதினைந்து வருடம் அந்தக் காருக்கும் எனக்கும் இருந்த உறவு வாளிதான்.

நம் கிணற்றைப் பற்றி உனக்குச் சொல்லத் தேவையில்லை. களப்புக்கு அவ்வளவு கிட்ட இருக்கும் கிணற்றில் என்ன தண்ணீர் வரும்? தேநீர் போட்டால் திரியும், சவர்க்காரம் நுரைக்காது. குடிக்க நாம் வாங்கித்தான் குடிக்கிறோம். அந்தத் தண்ணீரால் காரின் உப்பைக் கழுவினோம். இந்தக் கரையில் எல்லா வீட்டிலும் அதுதான் நடக்கிறது. உப்பைக் கழுவ உப்பு. காரை யாரும் கவனிக்காமல் விட்டிருந்தால் அது இன்னும் பத்து வருடம் இருந்திருக்கும். கிழமை தவறாமல் கழுவியதால்தான் உக்கியது.

எனக்கு அது தெரியும் என்பதுதான் நான் சொல்ல வந்தது. காரின் முன் தட்டுக்குள் ஒரு பழைய ஆங்கிலக் கையேடு கிடந்தது. நீ பள்ளிக்கூடம் போன பிறகு, மத்தியானங்களில், அகராதியை வைத்துக்கொண்டு அதை முழுவதும் வாசித்தேன். நான் வாசித்த புத்தகங்களைப் பற்றி இந்த வீட்டில் யாரும் கேட்டதில்லை, நானும் சொன்னதில்லை. நல்ல தண்ணீரால்தான் அடிப்பக்கத்தைக் கழுவ வேண்டும் என்று அதில் இருந்தது. கதவுக்குக் கீழே ஓடும் பெட்டிபோன்ற சட்டத்தில் தண்ணீர் வடிய சிறு ஓட்டைகள் உண்டு, அவை அடைபடாமல் பார்க்க வேண்டும் என்றும் இருந்தது. வாப்பாவிடம் சொன்னேன். "பொத்தகம் வாசிச்சி கார் கழுவுற மொத ஆள் நீதான்" என்று சிரித்தார். லொறியில் கூடப் போகும் அந்தக் கூட்டாளிக்கும் சொல்லிச் சிரித்தார். நான் இரண்டாம் முறை சொல்லவில்லை.

சொல்லாமல் இருந்தது மட்டும் என்றால் இவ்வளவு எழுதியிருக்க மாட்டேன். மழைத்தண்ணீர் பிடிக்கும் தாங்கி வீட்டுக்குப் பின்னால் இருந்தது, அதில் எடுத்துக் கழுவியிருக்கலாம். அந்த ஓட்டைகளில் மண் அடைத்திருப்பதை நான் என் கண்ணால் கண்டேன். விளக்குமாற்றிலிருந்து ஒரு ஈர்க்கை உருவிக் குத்தியிருந்தால் போதும், அரை நிமிட வேலை. செய்யவில்லை. கிழமைக்குக் கிழமை, வருடத்துக்கு வருடம், கிணற்று மோட்டரைப் போட்டுக் குழாயை அடிப்பக்கத்துக்குப் பிடித்தேன். வெளியே அவ்வளவு பளபளப்பு, வாப்பா ஊரெல்லாம் புகழ்ந்தார். கோபம் என்று நான் அதற்குப் பெயர் வைக்கவில்லை. சொன்ன வேலையைச் சொன்னபடி செய்கிறேன் என்றே எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பொய் சொல்லத் தெரியாத அந்தக் காருக்குப் பொய் சொல்லப் பழக்கியது நான்தான்.

பிறகு அந்தச் செவ்வாய்க்கிழமை. வாப்பா லொறியோடு தம்புள்ளைக்குப் போயிருந்தார். பிறேக் பார்க்க ஜூட் பாஸ் வந்தான். சின்ன வயதிலிருந்தே வாப்பாவின் வாகனங்களைப் பார்க்கும் மெக்கானிக், உன்னைத் தோளில் தூக்கித் திரிந்தவன். காருக்கு அடியில் கிடந்தபடியே என்னைக் கூப்பிட்டான். "அக்கா, இஞ்ச குனிஞ்சு பாருங்க" என்று, பின் அச்சை உடலோடு பிடித்திருக்கும் இடத்தில் ஸ்க்ரூட்ரைவரை வைத்தான். அமர்த்தக்கூட இல்லை, தேநீரில் தோய்த்த பிஸ்கட்டுக்குள் போவதுபோல் போனது. "மேல பெயின்ட்தான் இரிக்கு அக்கா, உள்ள முழுக்கக் கறள். இத வெட்டி வெல்ட் அடிக்காம வாசலுக்கு வெளிய எடுக்க வேணாம். அண்ணன் வந்த உடன சொல்லுங்க." சொல்கிறேன் என்றேன்.

வியாழன் பின்னேரம் வாப்பா வந்தார், களைத்துப் படுத்தார். காலையில் சொல்லலாம் என்று இருந்தேன். வெள்ளி காலையும் நான் அதைக் கழுவினேன், பழக்கம். நாஸ்டா முடிந்ததும் வாப்பா அலுமாரியைத் திறந்து, சாவியை எடுத்து உன் பாண் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தார். உனக்குப் பத்தொன்பது. உன் முகத்தை நான் மறக்கமாட்டேன். நீ துள்ளி எழும்பி முதலில் என்னிடம்தான் வந்தாய். "உம்மா, ஏறுங்க, ஒரு சுத்துப் போய்ட்டு வருவம்" என்றாய். சொல்வதற்கு வாயெடுத்தேன். வாயெடுத்தேன் என்பதை மட்டும் நீ நம்ப வேண்டும். "மகன், அந்தக் கார்ல..." என்றேன். அதற்குள் வாப்பா, "அவவுக்கு என்ன தெரியும் காரப் பத்தி? வாளியத் தெரியும்" என்றார். நீ சிரித்தாய்.

அது ஒரு சின்னச் சிரிப்பு, வாப்பாவைச் சந்தோஷப்படுத்தச் சிரித்தது. களப்பு வெளியில் பின்னால் இருந்து கத்திய பிள்ளைக்கு உம்மா ஓட்டியது நினைவில் இல்லை, அது உன் பிழையல்ல. ஆனால் அன்று எனக்கு அந்த நிதானம் இல்லை. போய் வரட்டும், பின்னேரம் சொல்கிறேன், அப்போது விளங்கும் யாருக்கு என்ன தெரியும் என்று, என நினைத்தேன். இதுதான் நான் நினைத்தது, ஒரு எழுத்துக்கூட மாற்றாமல் எழுதுகிறேன். வாளியை எடுத்துக்கொண்டு உள்ளே போனேன்.

பாலாவி ரோட்டின் வளைவில் கழுதைகள் நின்றன. நீ அவற்றுக்காக ஒதுக்கினாய். எந்தக் காரும் எந்த ஓட்டுநரும் செய்யும் சாதாரண ஒதுக்கம். அந்த நேரம் பின் அச்சு ஒரு பக்கம் பிய்ந்து வந்தது. நீ ஸ்டேரிங்கைத் திருப்பித்தான் கொடுத்தாய், தென்னையில் அடிபடும் வரை கொடுத்துக்கொண்டேதான் இருந்தாய். நான் அடுத்த நாள் போய் ரோட்டில் இருந்த தடத்தைப் பார்த்தேன், மகன். உன் கை செய்ய வேண்டியதையெல்லாம் சரியாகச் செய்திருந்தது. தடத்தைப் பார்த்துச் சொல்ல எனக்குத் தெரியும்.

ஆஸ்பத்திரிக்கு ஜூட் வந்தான். உன் கையைப் பார்த்துவிட்டு என்னை வெளியே கூப்பிட்டு, "அண்ணனுக்குச் சொன்னீங்களா அக்கா?" என்று கேட்டான். "சொன்னேன்" என்றேன். அவன் வாப்பாவின் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்காமல் போனான், அதன் பிறகு நம் வாசலுக்கு வரவே இல்லை. ஜூட் ஏன் வருவதில்லை என்று வாப்பாவுக்கு இன்றுவரை தெரியாது. உனக்கும் தெரியாது. ஒரு மனிதனின் இருபது வருடச் சிநேகிதத்தை ஒரு சொல்லால் முடித்தேன்.

அதற்குப் பிறகு ஊருக்கு ஒரு பகிடி கிடைத்தது. "கழுதைக்கு வழி விட்ட கழுதை" என்று முதலில் சொன்னது வாப்பாதான், பிறகு தேத்தண்ணிக் கடையில் எல்லோரும். நீயும் கூடச் சேர்ந்து சிரித்தாய். எலும்புக்குப் பிளேட் வைத்த கையோடு மோட்டார் சைக்கிளையும் விட்டாய், பிறகு பஸ்ஸில் முன் சீட்டையும் விட்டாய். நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இன்னும் ஒன்று இருக்கிறது. இதை எழுதுவதா என்று நேற்று இரவெல்லாம் யோசித்தேன். உடைந்த காரையும் ஆட்கள் விடவில்லை, அது உனக்குத் தெரியும். நம்பர் எழுதிக் கொடுத்துவிட்டுப் போனவர்களில் ஒருவன், நீர்கொழும்புப் பொடியன், வந்து டோர்ச் அடித்து அரை மணித்தியாலம் அடியில் கிடந்தான். நீ வகுப்புக்குப் போயிருந்தாய். நான் அறைத் திரைக்குப் பின்னால் நின்றேன். அவன் எழும்பி மண்ணைத் தட்டிக்கொண்டு, "அங்கிள், இது ஓடினவர்ட பிழை இல்ல. எப்பவோ உக்கினது. யார் ஓடினாலும் இதான் நடந்திருக்கும்" என்றான். வாப்பா, "எடுக்கிறதெண்டா எடுங்க தம்பி, கதை வேணாம்" என்றார். அன்று பின்னேரம் நீ வந்தபோது, "கழுதைட கார் போச்சு" என்று உன்னிடம் சொன்னவரும் அவர்தான். அவர் கெட்டவர் என்று சொல்ல வரவில்லை. மகன் பிழைவிட்டான் என்பதை அவரால் தாங்க முடியும். உக்கிய காரின் சாவியைத் தன் கையால் மகனின் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன் என்பதைத் தாங்க முடியாது. எனக்கும் அதேதான். இரண்டு பேரும் எங்கள் பாரத்தை உன்மேல் இறக்கி வைத்துவிட்டு, ஒரே மேசையில் இருந்து சாப்பிட்டோம்.

ஆகவே திங்கட்கிழமை அந்த மனிதருக்கு எடுத்து, ஓட்ட வரும் என்று சொல். வராது என்பது நாங்கள் உனக்குச் சொன்ன பொய். அங்கே உன்னைப் பார்த்து யாராவது சிரித்தால், அன்றே அந்த முகத்துக்கு நேரே கோபத்தைக் காட்டிவிடு, என்னைப்போல் வேலைக்குள் ஒளித்து வைக்காதே. நாளை உன் வீட்டுக்கு ஒருத்தி வந்தால், அவளுக்கு உன்னைவிட நன்றாக ஒன்று வரும்போது யாராவது கைதட்டினால், சாவியை அவள் கையிலேயே விட்டுவிடு. மன்னிப்பு நான் கேட்கவில்லை. கேட்டால் நீ தருவாய், தந்துவிட்டால் கணக்கு முடிந்தது என்று நான் நிம்மதியாகிவிடுவேன். அது உனக்கு நியாயமில்லை.

உம்மா.

இது வேறு தாள், மகன்; அந்தக் கடிதத்தை ஞாயிறு காலையில் உன் கையில் தந்தேன். நீ முற்றத்தில், கார் நின்ற இடத்தில் நின்று வாசித்தாய். நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு வெளியே போனாய். திங்கட்கிழமை அந்த மனிதருக்கு எடுத்தாய். புறப்படும் வரை என்னோடு தேவைக்கு மட்டும் கதைத்தாய். நீ ஜப்பானுக்குப் போய் இப்போது பதினொரு மாதம். அந்த ஊரில் நீ வேன் ஓட்டுகிறாய். நீர்கொழும்புப் பொடியன் காரைத் திருத்திவிட்டான், போன மாதம் பாலாவிச் சந்தியில் அது என்னைக் கடந்து போனது, விளக்குகள் திறந்திருந்தன. வெள்ளிக்கிழமைகளில் ஜும்ஆவுக்குப் பிறகு நீ வாப்பாவுக்கு எடுக்கிறாய். அவர் ஸ்பீக்கரில் போடுகிறார். நான் குசினியில் நின்று கேட்கிறேன். நீ என்னைக் கேட்பதில்லை.